பாட்டுக்குக் கீழே ஓடும் பாட்டு



1983ஆம் ஆண்டில் 'அடுத்த வாரிசு' என்ற திரைப்படம் வெளிவந்தது. எஸ்.பி. முத்துராமன் இயக்கிய படம். ரஜினிகாந்தும் ஸ்ரீதேவியும் நடித்தார்கள். அதன் கதையைச் சொல்லச் சொன்னால் இன்று பலர் தலையைச் சொறிவார்கள். ஆனால் அதில் வரும் 'ஆசை நூறு வகை' என்ற பாட்டைக் கேளாத காது நம் தோட்டப்புறத்தில் இருக்குமென்று எனக்குத் தோன்றவில்லை. கல்யாண வீட்டிலும், திருவிழா மேடையிலும், சுங்கை சிப்புட்டிலிருந்து ஈப்போவுக்குப் போகும் வண்டியிலும் அது ஒலித்திருக்கிறது. 20 ஆண்டுகள் கழித்து, 2003இல், 'குறும்பு' என்ற படத்தில் அதே பாட்டு புதிய உடை உடுத்திக்கொண்டு மறுபடி வந்தது. பிறக்காத பிள்ளைகளெல்லாம் பிறந்து வளர்ந்து அதற்கு ஆடினார்கள்.

ஒரு பாட்டு அப்படி நிலைத்து நிற்பதற்கு என்ன காரணம்? பாடியவர் குரல் என்பார் சிலர். மெட்டு என்பார் சிலர். நடித்தவர் என்று சொல்லுகிறவர்களும் உண்டு. இவை எல்லாம் பாட்டின் மேல்மாடி. நான் இன்று உங்களைக் கீழ்வீட்டுக்கு அழைத்துப்போக விரும்புகிறேன்.

நம் கோயில் திருவிழாவில் உறுமி மேளம் வருகிறது அல்லவா? அதில் உறுமியை வாசிப்பவரைக் கவனித்திருப்பீர்கள். ஒரு பக்கத்துத் தோலை வளைந்த குச்சியால் தேய்ப்பார். அப்போது 'உம்... உம்...' என்று ஒரு முனகல் எழும். அந்த ஓசை காதில் விழுவதற்கு முன் வயிற்றில் விழும். தவிலிலும் இதைக் காணலாம். வலப்பக்கம் விரல்களில் கூடு மாட்டி வாசிக்கும் ஓசை கலகலவென்று மேலே பறக்கும். இடப்பக்கத்துத் தொப்பியில் கோலால் அடிக்கும் ஓசை கனமாகத் தரையில் உட்காரும். அந்தக் கனத்த ஓசையை எடுத்துவிட்டால் மேளம் மேளமாக இராது. தகரத்தில் மழை பெய்வதுபோல் ஆகிவிடும்.

மேல்நாட்டு இசைக்குழுவில் இந்த வேலையைச் செய்வது பேஸ் கித்தார். (கித்தா வேறு, கித்தார் வேறு. என் வகுப்பில் ஒரு பிள்ளை இரண்டையும் குழப்பிக்கொண்டு, "சார், பால் மரத்தில் செய்வார்களா?" என்று கேட்டான்.) பெரும்பாலும் நான்கே கம்பி உள்ள கருவி அது. மிகத் தடித்த கம்பி வினாடிக்கு ஏறத்தாழ 41 முறை அதிரும். அதனால்தான் அவ்வளவு தாழ்ந்த ஓசை. பாட்டை முணுமுணுக்கும் யாரும் பேஸ் கித்தாரை முணுமுணுப்பதில்லை. ஆனால் கால் தானாகத் தாளம் போடுகிறதே, அந்தக் காலை ஆட்டுவிப்பது அதுவும் அதோடு சேர்ந்த டிரம்முந்தான்.

பள்ளிக்கூடத்தில் நாம் பிள்ளைகளுக்கு ரெக்கார்டர் என்ற குழலைச் சொல்லிக்கொடுக்கிறோம். நல்ல காரியந்தான். ஆனால் அதில் மெட்டை மட்டுமே ஊத முடியும். ஆகவே, மெட்டுத்தான் இசை என்று பிள்ளைகள் எண்ணிக்கொள்கிறார்கள். ஆசிரியர்களில் பலரும் அப்படித்தான் எண்ணுகிறோம்.

'ஆசை நூறு வகை'யை எல்லாரும் டிஸ்கோ பாட்டு என்பார்கள். தவறில்லை. அந்தக் காலத்தில் டிஸ்கோ மோகம் உச்சத்தில் இருந்தது. 1982இல் இந்தியில் 'டிஸ்கோ டான்சர்' என்றே ஒரு படம் வந்தது. ஆனால் டிஸ்கோவுக்கு ஓர் அக்காள் உண்டு. அவள் பெயர் ஃபங்க். பேஸையும் டிரம்மையும் பாட்டின் பின்கட்டிலிருந்து முன்வாசலுக்குக் கொண்டுவந்து உட்கார வைத்தவள் அவள்தான். அவளுடைய ஊர் எது, குலம் எது என்று கேட்டால், தோட்டத்தில் பிறந்த நமக்கு அந்தக் கதை புதிதாக இராது.

அமெரிக்காவில் பருத்தித் தோட்டங்களிலும் நெல் வயல்களிலும் கரும்புத் தோட்டங்களிலும் வேலை செய்ய ஆப்பிரிக்க மக்கள் அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டார்கள். நம் முன்னோர் சஞ்சிக் கூலிகளாகவும் கங்காணியின் கைபிடித்தும் மலாயா வந்தார்கள். இரண்டும் ஒன்று என்று சொல்லக் கூடாது. நம்மவர்க்குக் கூலி என்று ஏதோ ஒன்று இருந்தது, ஊருக்குத் திரும்பும் வழியும் சிலர்க்கு இருந்தது. அவர்களுக்கு அதுவும் இல்லை. 1739இல் தென் கரோலைனாவில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தபோது பறை முழக்கி ஆள் திரட்டினார்கள். மறு ஆண்டே அங்குச் சட்டம் போட்டு அடிமைகள் பறை வைத்திருப்பதைத் தடுத்துவிட்டார்கள். பறையைப் பிடுங்கலாம், தாளத்தைப் பிடுங்க முடியுமா? அவர்கள் கையைத் தட்டினார்கள், தொடையைத் தட்டினார்கள், காலால் மண்ணை மிதித்தார்கள். வயலில் ஒருவர் குரல் கொடுக்க மற்றவர் வாங்கிப் பாடினார்கள். 1865இல் அடிமை முறை ஒழிந்த பிறகு அந்தப் பாட்டுகளிலிருந்தும் தேவாலயப் பாட்டுகளிலிருந்தும் புளூஸ் பிறந்தது, ஜாஸ் பிறந்தது. பல தலைமுறை கழித்து ஃபங்க் பிறந்தது.

ஃபங்க் இசைக்குத் தந்தை என்று சொல்லத்தக்கவர் ஜேம்ஸ் பிரவுன். 1933இல் தென் கரோலைனாவில் வறுமையில் பிறந்தவர். சிறுவனாக இருந்தபோது பருத்தி பொறுக்கியவர். மற்றவர்களின் காலணிக்கு மெருகு போட்டவர். 1960களின் நடுவில் அவர் ஒரு மாற்றம் செய்தார். அதைச் செய்து பார்த்தால்தான் விளங்கும். கையால் ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று தட்டுங்கள். அக்காலத்து அமெரிக்க ஆட்டப்பாட்டுகளில் இரண்டாவது, நான்காவது தட்டுகளில்தான் அழுத்தம் விழும். ஜேம்ஸ் பிரவுன் தம் குழுவினரிடம், முதல் தட்டில் எல்லாரும் ஒன்றாக விழுங்கள், அதன் பிறகு அவரவர் இடுக்கில் புகுந்து விளையாடுங்கள் என்றார். பெரிய மரத்தை வடம் கட்டி இழுக்கும்போது 'ஏலேலோ' என்று ஒரே மூச்சில் எல்லாரும் இழுக்கிறோமே, அந்த முதல் இழுப்புத்தான் அவருடைய முதல் தட்டு. அது உறுதியாக இருந்தால் மற்ற இடங்களில் எவ்வளவு விலகினாலும் பாட்டு கவிழாது. 1967இல் வந்த 'கோல்டு ஸ்வெட்' என்ற பாட்டில் இதைத் தெளிவாகக் கேட்கலாம். கித்தார், எக்காளம், குரல் எல்லாமே அதில் பறையாக மாறிவிட்டன.

அடுத்ததாக ஜாஸ்காரர்கள் இதை எடுத்துக்கொண்டார்கள். ஜாஸ் என்பது உட்கார்ந்து கேட்கும் வித்துவான் இசையாகிவிட்டிருந்த நேரம் அது. ஹெர்பி ஹான்காக் என்ற பியானோ வித்துவான், சிக்காகோவில் பிறந்தவர், 1973இல் 'ஹெட் ஹன்டர்ஸ்' என்ற இசைத்தட்டை வெளியிட்டார். அதில் 'கமேலியன்' என்றொரு பாட்டு; பச்சோந்தி என்று பொருள். பாட்டு என்றேனே தவிர, அதில் பாடுகிறவர் யாருமில்லை. 15 நிமிடத்துக்கு மேல் ஓடும். அதில் முதலில் வருவது ஒரு பேஸ் வரி. அந்த வரி படிப்படியாக ஏறிவந்து முதல் தட்டில் பொத்தென்று உட்காரும். பிறகு மறுபடி ஏறும். இப்படித் திரும்பத் திரும்ப. வேடிக்கை என்னவென்றால் அந்த வரியை வாசித்தது பேஸ் கித்தாரே அல்ல. ஹான்காக் தாமே ஒரு மின் இசைக்கருவியில் வாசித்தார். அதன் மீது ஹார்வி மேசனின் டிரம், பிறகு மற்றக் கருவிகள், ஒவ்வொன்றாக வீட்டுக்குள் நுழையும் உறவினர்போல் வந்து சேரும். இதைச் சுருக்கி மூன்று நிமிடத்துக்குள் ஒற்றை இசைத்தட்டாக 1974இல் விற்றார்கள். வானொலிகள் விடவில்லை. ஜாஸ் தட்டுகளில் அதுவரை காணாத அளவு பெரிய தட்டும் விற்றது. ஜாஸ்-ஃபங்க் என்ற கலப்புக்கு இன்றும் முதல் பாடமாகப் பிள்ளைகள் வாசித்துப் பழகுவது அந்தப் பேஸ் வரிதான்.

அதே தட்டில் 'வாட்டர்மெலன் மேன்' என்ற பாட்டும் உண்டு. ஹான்காக் 1962இல் இயற்றியதைப் புதுக்கி வாசித்தது. சிறு வயதில் தம் தெருவில் கல் பாவிய சந்துகளில் தர்ப்பூசணி வண்டி உருண்டு வரும் சக்கர ஓசைதான் அதன் தாளத்துக்கு மூலம் என்று அவரே சொல்லியிருக்கிறார். நம் தோட்டத்துக்குள் ரொட்டிக்காரர் ஹாரன் அடித்துக்கொண்டு வருவாரே, அதில் ஒரு பாட்டு ஒளிந்திருக்கிறதென்று நாம் யாராவது நினைத்தோமா?

இந்தத் தாளம் சென்னைக்கு எப்படி வந்தது? தட்டுகள் வழியாகவும், அங்கிருந்த கித்தார், டிரம் கலைஞர்கள் வழியாகவும் வந்தது. ஆனால் வந்த விருந்தாளியை வீட்டு மனிதராக்கியவர் இளையராஜா. அவருக்கும் தோட்டத்துக்கும் உள்ள தொடர்பை இங்கே சொல்லத்தான் வேண்டும். அவருடைய அண்ணன் பாவலர் வரதராசன் பொதுவுடைமைக் கட்சி மேடைகளில் பாடியவர். 1958இல் கேரளத்து மலையில் தேவிகுளம் இடைத்தேர்தல் நடந்தபோது அங்கே தேயிலைத் தோட்டத்துத் தமிழ்த் தொழிலாளர்களிடையே அவர் பாடிய பாட்டுகள் பெரும் வரவேற்பைப் பெற்றன. ஏறத்தாழ 14 வயதில் தம்பியும் அண்ணன் குழுவில் சேர்ந்துகொண்டார். ஆகவே, இளையராஜாவின் முதல் நேயர்களில் நம்மைப் போன்ற லயத்து மக்களும் அடக்கம். பிறகு சென்னையில் தன்ராஜ் மாஸ்டரிடம் மேல்நாட்டு இசையை எழுதவும் படிக்கவும் கற்றார். 1976இல் 'அன்னக்கிளி'.

மற்ற இசையமைப்பாளர் பலர் மெட்டைப் போட்டுவிட்டுப் பேஸ் வாசிப்பவரிடம், 'ஏதாவது பொருத்தமாக வாசியுங்கள்' என்று விட்டுவிடுவது வழக்கம். இளையராஜா அப்படியில்லை. ஒவ்வொரு கருவிக்கும் என்ன வாசிக்க வேண்டுமென்று தாளில் எழுதிக் கையில் கொடுப்பவர். பேஸுக்கும் தனியே ஒரு பாட்டு எழுதுவார். அவருடைய குழுவில் பேஸ் கித்தார் வாசித்த சசிதரன் என்ற கலைஞரின் விரல்களைத்தான் நாம் ஆண்டுக்கணக்காகக் கேட்டுக்கொண்டிருக்கிறோம், பெயர் தெரியாமல். 'ஆசை நூறு வகை'யில் குரலை மறந்துவிட்டுக் கீழே மட்டும் கேட்டுப் பாருங்கள். டிரம் நேராக நடந்துபோகும். பேஸ் அதன் இடுக்குகளில் புகுந்து, துள்ளி, மீண்டும் முதல் தட்டுக்கு வந்து சேர்ந்துகொள்ளும். மேலே பாடுவது தமிழ் மெட்டு. கீழே நடப்பது ஃபங்க்.

மேலே பாடியவர் யார்? மலேசியா வாசுதேவன்! ஒருவருக்குத் தகப்பன் பெயர் முன்னெழுத்தாக இருக்கும், ஊர்ப் பெயர் இருக்கும். இவருக்கு ஒரு நாட்டின் பெயரே முன்னெழுத்து. 1944இல் இந்த மண்ணில் பிறந்தவர். குடும்பம் கேரளத்திலிருந்து வந்தது. இங்கே தமிழ் நாடகங்களில் நடித்துப் பாடிவிட்டு, 1960களின் இறுதியில் சென்னைக்குப் போனார். நெடுநாள் சின்னச் சின்ன வேலைதான். 1977இல் 'பதினாறு வயதினிலே' படத்தில் 'ஆட்டுக்குட்டி முட்டையிட்டு' பாடிய பிறகே விடிந்தது. 'முரட்டுக்காளை'யில் 1980இல் 'பொதுவாக என் மனசு தங்கம்', 'முதல் மரியாதை'யில் 1985இல் 'பூங்காற்று திரும்புமா' என்று இரு துருவங்களையும் பாடிய குரல் அது. மெல்லிய குரலுக்குப் பேஸ் கித்தாரோடு மல்லுக்கட்ட முடியாது. இவர் குரலில் நாடக மேடைக் கனம் இருந்தது. ஒலிபெருக்கி இல்லாமலே கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டும் என்று பழகிய குரல் என்பது என் கணிப்பு. 2011 பிப்ரவரி 20ஆம் நாள் சென்னையில் காலமானார்.

இனி 2003க்கு வருவோம். 'குறும்பு' படத்துக்கு இசை இளையராஜாவின் மகன் யுவன் சங்கர் ராஜா. அப்பா போட்ட பாட்டை மகன் எடுத்து, டிரம்மைப் புதிதாக்கி, பேஸை இன்னும் கனமாக்கி வெளியிட்டார். இப்படிச் செய்வதை ரீமிக்ஸ் என்பார்கள். தமிழ்ப் படங்களில் அதற்கு முதல்வழி காட்டியது இதுதான் என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. அதன் பிறகு பத்து ஆண்டுகளுக்குப் பழைய பாட்டெல்லாம் வரிசையாக மறுபிறவி எடுத்தன. எல்லாம் நன்றாக இருந்தன என்று நான் சொல்லமாட்டேன். கனமான பேஸைச் சேர்த்துவிட்டால் பாட்டாகிவிடும் என்று நினைத்துச் செய்தவை, வந்த வேகத்தில் போய்விட்டன.

மூன்று ஆண்டு கழித்து நம் நாட்டிலேயே ஒரு காரியம் நடந்தது. யோகி பி, டாக்டர் பெர்ன், எம்சி ஜெஸ் என்ற மூன்று மலேசியத் தமிழ் இளைஞர்கள், 'யோகி பி & நட்சத்திரா' என்ற பெயரில் 2006இல் 'வல்லவன்' என்ற தொகுப்பை வெளியிட்டார்கள். 1980இல் 'நிழல்கள்' படத்துக்காக இளையராஜா இசையமைத்து எஸ்.பி. பாலசுப்பிரமணியம் பாடிய 'மடை திறந்து' பாட்டை அடித்தளமாக வைத்து, அதன்மேல் வேகமாகத் தமிழில் வசனம்போல் பாடினார்கள். அது ராப் என்ற வகை. அதுவரை பாட்டு சென்னையிலிருந்து இங்கே வரும், நாம் கேட்போம். இந்தப் பாட்டு இங்கிருந்து அங்கே போனது. மறு ஆண்டு, 2007இல், 'பொல்லாதவன்' படத்தில் 'எங்கேயும் எப்போதும்' பாட்டின் புது வடிவத்துக்கு யோகி பியை அழைத்துக்கொண்டார்கள். இன்று தமிழ்நாட்டில் ராப் பாடும் பிள்ளைகளில் பலர் அவரை மூத்தவராக மதிக்கிறார்கள்.

பழைய பாட்டின் துண்டை வெட்டி அடித்தளமாக்கும் இந்த வழக்கமும் ஃபங்க் வீட்டிலிருந்து வந்ததுதான். இதில் ஒரு கணக்கு இருக்கிறது. தோட்டத்தில் வேலை செய்தவர்களுக்கு அது உடனே புரியும். ஜேம்ஸ் பிரவுன் குழுவில் கிளைட் ஸ்டபில்ஃபீல்ட் என்ற டிரம் கலைஞர் இருந்தார். தம் ஊரான சட்டனூகாவில் தொழிற்சாலை இயந்திரங்களின் ஓசையும் இரயில் தண்டவாள ஓசையும் கேட்டுக் கேட்டே தாளம் கற்றவர். 1970இல் வெளிவந்த 'ஃபங்கி டிரம்மர்' பாட்டில் சில வினாடிகள் மற்றவர் நிறுத்திக்கொள்ள அவர் மட்டும் வாசிப்பார். அந்தச் சில வினாடிகளைப் பிற்காலத்து ராப் கலைஞர்கள் எடுத்து, நூற்றுக்கணக்கான பாட்டுகளில் ஓட்டிவிட்டார்கள். உலகில் மிக அதிகமாக வெட்டி எடுக்கப்பட்ட டிரம் துண்டுகளில் அது ஒன்று. ஆனால் பாட்டின் உரிமைத் தாளில் அவர் பெயர் இல்லை. வாசித்த அன்றைக்குக் கூலி கொடுத்தார்கள், முடிந்தது. 2017இல் அவர் இறந்தார்.

பால் எடை போட்டுக் கிராணி புத்தகத்தில் எழுதியதும் நம் கணக்கு முடிந்துவிடும். அந்தப் பால் தாளாகி, கப்பலேறி, டயராகி, உலகமெல்லாம் ஓடும் கணக்கு வேறு புத்தகத்தில் இருக்கும். ஸ்டபில்ஃபீல்டின் கணக்கும் அப்படித்தான். சென்னையிலும் இந்த வழக்கு ஓயவில்லை. தம் பாட்டுகளின் உரிமையைக் கேட்டு இளையராஜா நீதிமன்றம் ஏறியிருக்கிறார். 2017இல் தம் பாட்டுகளை அனுமதியின்றி மேடையில் பாடக்கூடாதென்று நெடுநாள் நண்பரான எஸ்.பி. பாலசுப்பிரமணியத்துக்கே வக்கீல் நோட்டீஸ் அனுப்பியபோது பலர் முகம் சுளித்தார்கள். நண்பரிடம் அப்படிச் செய்யலாமா என்பது ஒரு கேள்வி. உழைத்தவன் தன் பங்கைக் கேட்பது தவறா என்பது மற்றொரு கேள்வி. முதல் கேள்வியை எழுப்பியவர்கள் இரண்டாவதையும் எழுப்பியிருக்கலாம் என்பது என் எண்ணம். ஆனால் இசையமைத்தவர் கேட்கும் பங்கில் பேஸ் வாசித்தவருக்கும் டிரம் வாசித்தவருக்கும் இடமுண்டா என்பதை யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

நம் வட்டாரத்தில் கித்தா மரங்கள் போய்ச் செம்பனை வந்தது. லயத்தை விட்டுப் பல குடும்பங்கள் பட்டணத்துக்குப் போயின. ஆனால் திருவிழா இசைக்குழுவும் உறுமிக் குழுவும் போகவில்லை. பையன் கீபோர்டு வாங்கிக் கேட்கிறான், பேஸ் கித்தார் கேட்கிறான் என்று பெற்றோர் என்னிடம் வந்து வருத்தப்படுவதுண்டு. "சார், படிப்பு கெட்டுப்போகுமே" என்பார்கள். நான் சொல்லும் பதில் ஒன்றுதான்: பேஸ் வாசிக்கக் கணக்குத் தெரிய வேண்டும், ஒன்றைப் பாதியாக்கி, பாதியைக் காலாக்கி, இடம் தவறாமல் விழ வேண்டும். பின்னக் கணக்கில் தடுமாறுகிற பிள்ளைக்கு அதைக் கையில் கொடுத்துப் பாருங்கள். "கரும்பலகையில் ஏறாதது கம்பியில் ஏறுமா, சார்?" என்று ஒரு தாய் கேட்டார். ஏறியதை நான் பார்த்திருக்கிறேன்.

கேட்க விரும்புகிறவர்களுக்கு ஒரு குறிப்பு. கைத்தொலைபேசியின் சிறிய ஒலிபெருக்கியில் இந்தப் பாட்டுகளைப் போட்டால் நான் சொன்ன கீழ்வீடு கேட்காது. தாழ்ந்த ஓசைக்கு நிறையக் காற்றைத் தள்ள வேண்டும். விரல் நகம் அளவுள்ள ஒலிபெருக்கியால் அவ்வளவு காற்றைத் தள்ள முடியாது. காதில் மாட்டும் கருவி இருந்தால் அதை மாட்டிக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் திருவிழாவுக்கு ஒலிபெருக்கி கட்டும் அண்ணனிடம் சொல்லி அவருடைய பெரிய பெட்டியில் போடச் சொல்லுங்கள். முதலில் 'கமேலியன்', அடுத்து 1983இன் 'ஆசை நூறு வகை', அதற்குப் பிறகு 2003இல் வந்தது. உள்ளங்கையைப் பெட்டியின் மரத்தில் வைத்துக்கொண்டு கேளுங்கள். பேஸ் வாசிப்பவர் எந்த இடத்தில் துள்ளுகிறார் என்று கை சொல்லிவிடும்.